ஹோம்லேண்ட்னா என்ன? சியாபுஸ்வாங்கற ஒரே ஒரு ஊரை வச்சு ஒரு எளிய விளக்கம்

நிடெபெலேன்னு (தென்னாப்பிரிக்கா பக்கம் வாழுற ஒரு இன மக்கள்) நெட்ல தேடினா வர்ற படம் எல்லாம் கிட்டத்தட்ட ஒன்னுதான். கறுப்புல தடிமனா கோடு போட்டு உள்ள நீலம், மஞ்சள், பச்சைன்னு கட்டம் கட்டமா வரைஞ்ச சுவர், அதுக்கு முன்னாடி கழுத்துல பித்தளை வளையம் அடுக்கின ஒரு பாட்டி. கீழ கமெண்ட்ல யாராவது ஒருத்தர் "ஆயிரம் வருஷத்துப் பழங்குடிக் கலை"ன்னு போட்டிருப்பாரு. இன்னொரு பக்கம், தென்னாப்பிரிக்கா பத்திப் பேச்சு வந்தாலே "அங்க ஒவ்வொரு இனத்துக்கும் தனி ஹோம்லேண்ட் கொடுத்திருந்தாங்கப்பா, நம்ம மொழிவாரி மாநிலம் மாதிரி"ன்னு ரொம்பத் தெளிவா சொல்றவங்களும் இருக்காங்க.

ரெண்டும் தப்பு. ஆனா ரெண்டு தப்பையும் ஒரே ஊரை வச்சு சரி பண்ணிடலாம், அதான் இந்தப் பதிவு. ஊர் பேரு சியாபுஸ்வா. தென்னாப்பிரிக்காவோட ம்புமலாங்கா மாகாணத்துல, பிரிட்டோரியாங்கற பெரிய நகரத்துக்கு வடகிழக்கே 100 கிலோமீட்டருக்கும் மேல தள்ளி, வறண்ட புல்வெளிக்கு நடுவுல திடீர்னு ஆயிரக்கணக்கான வீடா விரிஞ்சு கிடக்குற ஊரு. பக்கத்துல சுரங்கம் இல்ல, துறைமுகம் இல்ல, பெரிய தொழிற்சாலை இல்ல, வயல்னு சொல்லிக்குற அளவுக்கு விவசாயமும் இல்ல. அப்புறம் எதுக்கு இவ்ளோ ஜனம் அங்க குடியிருக்குன்னு கேக்கணும்ல, அந்தக் கேள்விக்குப் பதில்தான் ஹோம்லேண்ட்.

முதல்ல, எந்த நிடெபெலே?

நிடெபெலேன்னு ரெண்டு கூட்டம் இருக்கு, இதை நிறைய பேர் போட்டுக் குழப்பிக்குறாங்க. ஜிம்பாப்வேல புலவாயோ பக்கம் இருக்குறவங்க, ம்சிலிகாசிங்கற தலைவர் கூட 1820கள்ல ஜூலு ராஜ்ஜியத்தை விட்டுக் கிளம்பி வடக்க போனவங்களோட வம்சம். நாம பேசப் போறது அவங்களை இல்ல. தென்னாப்பிரிக்காவுல இருக்குற தெற்கு நிடெபெலே, அதுக்கும் பல தலைமுறை முன்னாடியே இன்னிக்கு பிரிட்டோரியா இருக்குற பக்கம் வந்து குடியேறினவங்க. மூசிங்கற மூதாதையோட பசங்க மனாலா, நிசுன்சா ரெண்டு பேருக்கும் வாரிசுச் சண்டை வந்து ரெண்டு கிளையா பிரிஞ்சதா அவங்க வரலாறு சொல்லுது. கலர் சுவர், பாசி மணி வேலை எல்லாம் இந்தத் தெற்கு ஆளுங்களோடது.

1883: நிலம் எப்படிப் போச்சு

19ம் நூற்றாண்டுல நிசுன்சா கூட்டம் நல்ல பலமா இருந்துச்சு. மலைக் குகைகளை அரணா வச்சு கோநொம்ஜரேலோன்னு ஒரு தலைநகரம், கையில துப்பாக்கி, பக்கத்துல குடியேறின போயர் விவசாயிகளுக்கு (டச்சுக்கார வம்சத்து வெள்ளைக்காரங்க) இவங்களைக் கண்டா கொஞ்சம் பயம்தான். 1882ல பெடி மக்களோட அரசர் செகுகுனேவை அவரோட உறவுக்காரர் மம்புரு கொன்னுட்டு ஓடி வந்து, நிசுன்சா அரசர் நியாபெலாகிட்ட அடைக்கலம் கேட்டாரு. நியாபெலா கொடுத்தாரு. மம்புருவை ஒப்படைன்னு போயர் அரசாங்கம் கேட்டதுக்கு முடியாதுன்னும் சொல்லிட்டாரு.

அந்த அரசாங்கம் ஏற்கனவே இவங்க நிலத்து மேல ஒரு கண்ணு வச்சிருந்துச்சு, இது நல்ல சாக்காப் போச்சு. ஜெனரல் பீட் ஜூபேர் தலைமையில படை வந்து மலையைச் சுத்தி வளைச்சு, பயிரை எரிச்சு, மாட்டைப் பிடிச்சு, பாறையை டைனமைட் வச்சு உடைச்சுன்னு மாசக்கணக்குல முற்றுகை போட்டாங்க. 1883 ஜூலைல பசி தாங்காம நியாபெலா சரணடைஞ்சாரு. மம்புருவைத் தூக்குல போட்டாங்க. நியாபெலாவுக்கும் தூக்குத்தான் விதிச்சாங்க, அப்புறம் ஆயுள் தண்டனையா குறைச்சாங்க, பல வருஷம் ஜெயில்ல கிடந்து வெளிய வந்து 1902ல செத்துப் போனாரு.

ஆனா நம்ம கதைக்கு முக்கியமானது அரசருக்கு என்ன ஆச்சுங்கறது இல்ல, ஜனங்களுக்கு என்ன ஆச்சுங்கறதுதான். மொத்த நிலத்தையும் பிடுங்கி வெள்ளைக்காரங்களுக்குப் பங்கு போட்டாங்க. நிசுன்சா குடும்பங்களைப் பிரிச்சு போயர் பண்ணைகளுக்கு 5 வருஷக் கட்டாய வேலையாளா அனுப்பிட்டாங்க. அந்த 5 வருஷம் முடிஞ்ச பிறகும் திரும்பிப் போக நிலம் இல்லையே? அதனால அப்படியே பண்ணைலயே தங்கி, வருஷத்துல சில மாசம் சம்பளமே இல்லாம உழைச்சுக் கொடுத்துட்டு அதுக்குப் பதிலா ஒரு குடிசையும் கொஞ்சம் மேய்ச்சலும் வாங்கிக்குற ஏற்பாட்டுல தலைமுறை தலைமுறையா வாழ்ந்தாங்க. இதுக்குப் பேரு குடியிருப்புக் கூலி முறை. இந்தப் பேரை ஞாபகம் வச்சுக்கோங்க, கீழ தேவைப்படும்.

அப்போ சுவர்ல கலர் எப்போ வந்துச்சு?

இந்தப் பண்ணைக் காலத்துலதான். மண் சுவர்ல சாணமும் களிமண்ணும் சேர்த்து மெழுகி, விரலாலயே கோடு இழுத்து டிசைன் போடுற பழக்கம் முன்னாடியே உண்டு, பக்கத்துல இருந்த சோதோ பேசுற மக்கள்கிட்டயும் உண்டு. ஆனா இன்னிக்கு நாம பார்க்குற அந்தக் கட்டம் கட்டமான பளீர் சுவர் 20ம் நூற்றாண்டு சமாச்சாரம். சாம்பல், செம்மண், சுண்ணாம்பு, கரி இதெல்லாம்தான் முதல்ல கலர், கடைப் பெயிண்ட் வந்த பிறகு நீலமும் பச்சையும் சேர்ந்துச்சு.

வரையறது முழுக்கப் பொம்பளைங்க வேலை, அம்மாகிட்ட இருந்து பொண்ணு கத்துக்கும். கையில இருக்குறது கோழி இறகு. ஸ்கேல் கிடையாது, முன்கூட்டியே பென்சில் கோடும் கிடையாது, வெள்ளைச் சுவர்ல நேரா கறுப்புக் கோட்டை இழுத்து வடிவத்தைப் பிடிச்சுடுவாங்க, உள்ள கலர் நிரப்புறது அப்புறம்தான். டிசைனை உத்துப் பாத்தீங்கன்னா சவரக்கத்தி பிளேடு, மாடிப்படி, பல்பு, ஏரோப்ளேன்னு வரும். பண்ணையில வேலை பாத்துக்கிட்டு நகரத்தை எட்ட இருந்து பாத்தவங்க சுவர்ல இதெல்லாம் வராம வேற எது வரும்? இதைப் போயி "ஆயிரம் வருஷம்"னு சொல்றது அந்தப் பாட்டிகளோட சொந்தக் கற்பனையைத் திருடுற மாதிரின்னு எனக்குத் தோணும்.

1940கள்ல பிரிட்டோரியா பக்கத்துல ஒரு பண்ணைல இருந்த நிடெபெலே வீடுகளை ஒரு ஆர்க்கிடெக்சர் பேராசிரியர் படம் பிடிச்சு, அளந்து வெளியுலகத்துக்குக் காட்டினாரு. அப்புறம் 1953ல அந்த மக்களை வேற இடத்துக்குக் குடியமர்த்தி, அரசாங்கமே அதை டூரிஸ்ட் வந்து பாக்குற கிராமமா ஆக்கிருச்சு. எஸ்தர் மஷ்லாங்கு பேரு கேள்விப்பட்டிருப்பீங்க. 1935ல பிறந்தவங்க, பத்து வயசுல அம்மாகிட்டயும் பாட்டிகிட்டயும் கத்துக்கிட்டவங்க, 1991ல பிஎம்டபிள்யூ கார் மேலயே இந்த டிசைனை வரைஞ்சாங்க.

சுருக்கமா: நிலம் 1883ல போச்சு, ஜனம் பண்ணைகள்ல சிதறிச்சு, அங்கதான் கலர் சுவர் வளர்ந்துச்சு. இன்னும் சியாபுஸ்வாங்கற ஊரே பிறக்கல, கவனிச்சீங்களா.

இப்போ ஹோம்லேண்ட்

ஒரு பெரிய அபார்ட்மெண்ட் காம்ப்ளெக்ஸை நினைச்சுக்கோங்க. வீட்டு வேலைக்கு வர்ற அக்காங்க, வாட்ச்மேன், தோட்டக்காரர் இல்லாம அங்க ஒரு நாள் ஓடாது. ஆனா அசோசியேஷன்காரங்களுக்கு ஒரு பயம், இவங்க எண்ணிக்கை நம்மளை விட அதிகம், இவங்களுக்கும் ஓட்டுன்னு ஒன்னு வந்துட்டா காம்ப்ளெக்ஸ் நம்ம கையை விட்டுப் போயிடும்னு. அதனால ஒரு ரூல் போடுறாங்க: பகல்ல வேலை செய்யலாம், ராத்திரி உள்ள தங்கக் கூடாது, கேட்ல எப்பவும் பாஸ் காட்டணும். சரி, எங்களுக்கு ஓட்டு எங்கன்னு கேட்டா, 100 கிலோமீட்டர் தள்ளி ஒரு பொட்டல் காட்டைக் காட்டி "அதுதான் உங்க சொந்த அசோசியேஷன், அங்க உங்களுக்குத் தலைவர் இருக்காரு, ஆபீஸ் இருக்கு, கொடி கூட இருக்கு, உரிமையெல்லாம் அங்க போய்க் கேட்டுக்கோங்க"ங்குறாங்க. அந்த அக்கா அந்தக் காட்டை வாழ்க்கைல பார்த்ததே கிடையாது.

அந்தப் பொட்டல் காடுதான் ஹோம்லேண்ட். முறையாச் சொன்னா, நிறவெறி ஆட்சி (சட்டம் போட்டு நிறத்துக்கு ஏத்த மாதிரி உரிமையைப் பிரிச்ச ஆட்சி, 1948ல இருந்து) கறுப்பு மக்களை மொழி, இனம் பாத்துப் பிரிச்சு, ஒவ்வொரு கூட்டத்துக்கும் ஒதுக்கின நிலப்பகுதி. 1913 நிலச் சட்டமும் 1936ல வந்த இன்னொரு சட்டமும் சேர்ந்து நாட்டு நிலத்துல ஏறக்குறைய 13 சதவீதம்தான் கறுப்பு மக்களுக்குன்னு ஏற்கனவே சுருக்கி வச்சிருந்துச்சு, ஹோம்லேண்ட் எல்லாம் அதுக்குள்ளதான். 1959ல இதுக்குத் தனிச் சட்டம். 1970ல வந்த குடியுரிமைச் சட்டம் இன்னும் மோசம், கறுப்பு மக்கள் ஒவ்வொருத்தரையும், அவங்க எங்க பிறந்திருந்தாலும், ஏதாவது ஒரு ஹோம்லேண்டோட குடிமகன்னு எழுதிடுச்சு.

மொழிவாரி மாநிலத்துக்கும் இதுக்கும் வித்தியாசம் புரியுதா? நம்மூர்ல மாநிலம் பிரிச்சதுல யாரோட ஓட்டும் போகல, நாட்டுக்குள்ள எங்க வேணாலும் போய்க் குடியிருக்குற உரிமையும் போகல. இங்க பிரிச்சதே அதைப் பிடுங்கத்தான். ஹோம்லேண்டை "சுதந்திர நாடு"ன்னு அறிவிச்சுட்டா அந்த மக்கள் சொந்த மண்ணுலயே வெளிநாட்டுக்காரங்க ஆயிடுவாங்க, ஓட்டுக் கேட்கவே வழி இல்ல. மொத்தம் 10 ஹோம்லேண்ட், அதுல ட்ரான்ஸ்கை, பொபுதட்ஸ்வானா, வெண்டா, சிஸ்கை நாலுக்கும் 1976ல இருந்து 1981க்குள்ள இந்தப் பொம்மைச் சுதந்திரம் கொடுத்தாங்க. தென்னாப்பிரிக்காவைத் தவிர உலகத்துல எந்த நாடும் இதுங்களை ஏத்துக்கல.

காட்டுல ஒரு தலைநகரம்

நிடெபெலே மக்களுக்குன்னு க்வாநிடெபெலே கடைசியா, 1970கள்ல வந்துச்சு. அதுவரைக்கும் இவங்களுக்கு ஒரு பெரிய நிலப்பகுதியே கிடையாது, அதைத்தான் 1883லயே முடிச்சுட்டாங்களே. அதனால அரசாங்கம் வெள்ளைக்காரங்க பண்ணைகளை வாங்கி ஒட்டுப் போட்டு ஒரு "நாடு" தயார் பண்ணுச்சு. 1981ல அதுக்குத் தன்னாட்சி, தலைநகரம் நம்ம சியாபுஸ்வா.

ஜனம் எங்கிருந்து வந்துச்சு? மேல ஞாபகம் வச்சுக்கச் சொன்னேனே, குடியிருப்புக் கூலி முறை, அதை 1960கள், 70கள்ல ஒழிச்சாங்க. பண்ணைகள்ல டிராக்டர் வந்துடுச்சு, இத்தனை குடும்பம் இப்போ எதுக்குன்னு துரத்திட்டாங்க. பக்கத்து ஹோம்லேண்டான பொபுதட்ஸ்வானா, ட்ஸ்வானா மக்களுக்குன்னு பிரிச்சது, அதுல இருந்த நிடெபெலேக்காரங்களை "நீ எங்க ஆளு இல்ல"ன்னு போலீஸை விட்டுத் தொல்லை பண்ணவும் அவங்களும் கிளம்பி வந்தாங்க. நகரத்துல தங்க அனுமதி கிடைக்காதவங்க ஒரு பக்கம். எல்லாரும் லாரில சாமானை ஏத்திக்கிட்டு வந்து இறங்கின இடம் இது. ஒரு மனை அளந்து கொடுப்பாங்க, தகரத்தையோ மண்ணையோ வச்சு வீட்டை நாமளே எழுப்பிக்கணும். பத்து வருஷத்துல க்வாநிடெபெலே மக்கள்தொகை பல மடங்கு ஆயிருச்சு.

பார்க்கக் கிராமம் மாதிரி இருக்கும், ஆனா உழுறதுக்கு நிலம் இல்ல. ஜன நெருக்கம் டவுன் மாதிரி, ஆனா டவுனுக்கு இருக்க வேண்டிய வேலை இல்ல. சியாபுஸ்வாவை "கிராமப்புற டவுன்"னு எழுதுறாங்கன்னா இந்த ரெண்டுங்கெட்டான் நிலைமையைத்தான் சொல்றாங்க.

ராத்திரி ரெண்டரை மணி பஸ்

வேலை எல்லாம் பிரிட்டோரியால. தங்க அனுமதி அங்க இல்ல. அப்போ என்ன பண்றது? தினமும் பஸ்ஸுதான். புட்கோங்கற கம்பெனி அரசாங்க மானியத்துல நூத்துக்கணக்கான பஸ் ஓட்டுச்சு. 1980கள்ல தூரத்து ஸ்டாப்ல ஏறுறவங்களுக்கு முதல் பஸ் ராத்திரி ரெண்டரை, மூணு மணிக்கு. இருட்டுல புழுதி ரோட்டோரம் வரிசைல நின்னு ஏறி, சீட்ல உக்காந்ததும் போர்வையை மூஞ்சி வரைக்கும் இழுத்து விட்டுத் தூங்கிடுவாங்க, சீட் கிடைக்காதவங்க நின்னுக்கிட்டே கம்பியைப் பிடிச்சுத் தூங்குவாங்க. சாயங்காலம் அதே மாதிரி திரும்பி, வீட்டுக்கு வந்து சேர ராத்திரி எட்டு, ஒன்பது, சிலருக்குப் பத்து. ஒரு நாள்ல ஏழெட்டு மணி நேரம் பஸ்லயே போயிரும். குழந்தை முழிச்சிருக்குற நேரத்துல அப்பாவோ அம்மாவோ வீட்ல இருக்குறது ஞாயித்துக்கிழமை மட்டும்தான், வளர்த்ததெல்லாம் பாட்டிங்கதான்.

இந்த பஸ் பிரிட்டோரியால போய் நிக்குற இடம் மராபஸ்டாட். இதுல ஒரு சின்னக் கிளைக்கதை, அந்த மராபஸ்டாட்லதான் பிரிட்டோரியாத் தமிழர்கள் கட்டின மாரியம்மன் கோயில், கோபுரத்தோட இன்னிக்கும் நிக்குது. அந்தப் பக்கம் குடியிருந்த இந்தியர்களையும் இதே ஆட்சி இன்னொரு சட்டத்தை வச்சு லாடியம்ங்கற தனிப் புறநகருக்கு அனுப்பிருச்சு. சாமி மட்டும் அங்கயே இருக்கு.

இதுல கவனிக்க வேண்டியது, வேலையாளைத் தூரத்துல வைக்குறதுக்கு அரசாங்கமே வருஷா வருஷம் பஸ் மானியமா கோடிக்கணக்குல கொட்டுச்சு. பக்கத்துல வீடு கட்டிக் கொடுத்திருந்தா செலவு குறைஞ்சிருக்கும்னு கணக்குப் போட்டா, கணக்கு சரிதான், ஆனா அவங்க போட்ட கணக்கு காசு இல்ல, ஓட்டு.

1986ல ஊர் திருப்பி அடிச்சது

க்வாநிடெபெலே முதலமைச்சர் சைமன் ஸ்கோசானாவுக்குச் சுதந்திரம் வேணும், அஞ்சாவது பொம்மை நாடு ஆகணும். நாட்டைப் பெருசாக்குறதுக்கு, பெரும்பாலும் பெடி மொழி பேசுற மௌட்சேங்கற பக்கத்துப் பகுதியை 1985 கடைசில இதோட சேர்த்தாங்க. அங்க இருக்குறவங்களுக்கு இது சுத்தமா பிடிக்கல, அதுவும் முன்னாடி இருந்த லெபோவா ஹோம்லேண்ட்ல பொம்பளைங்களுக்கு ஓட்டு இருந்துச்சு, க்வாநிடெபெலேல இல்ல. 1986 ஜனவரி 1, புத்தாண்டு அன்னிக்கு ம்போகோடோங்கற அரசாங்க ஆதரவு அடியாள் கூட்டம் மௌட்சேக்குள்ள புகுந்து நூத்துக்கணக்கான ஆம்பளைங்களைப் பிடிச்சுக்கிட்டு வந்து, சியாபுஸ்வா சமூகக் கூடத்துல வச்சு சவுக்கால அடிச்சுது.

அதுக்கப்புறம் சொந்த ஜனமே எதிரா திரும்பிருச்சு. பள்ளிக்கூடப் பசங்க, பஸ் பயணிகள், அதுக்கும் மேல நிசுன்சா அரச குடும்பமே "சுதந்திரம் வேண்டாம்"னு நின்னாங்க. இது விசேஷம், ஏன்னா ஹோம்லேண்ட் திட்டமே "இது உங்க மரபு, உங்க அரசர்"னு சொல்லி விற்ற சரக்கு. ஜூலை கடைசில ம்போகோடோவை நடத்தின மந்திரி பீட் நிடூலி சியாபுஸ்வாவுல கார் குண்டுல செத்தாரு. அதை வச்சது அரசாங்கத்தோட பாதுகாப்புப் போலீஸேதான்னு பின்னாடி உண்மை ஆணையத்துல (நிறவெறி ஆட்சிக் காலத்துக் குற்றங்களை விசாரிச்ச அமைப்பு) வெளிய வந்துச்சு. ஆகஸ்ட் 12, 1986 அன்னிக்கு க்வாநிடெபெலே சட்டசபையே சுதந்திரம் வேண்டாம்னு முடிவெடுத்துருச்சு. மௌட்சேயைச் சேர்த்தது செல்லாதுன்னு 1988ல மேல்முறையீட்டு நீதிமன்றமும் சொல்லிருச்சு. 1994ல பத்து ஹோம்லேண்டும் ஒட்டுமொத்தமாப் போச்சு.

மறுபடி ஒரு தடவை: பண்ணைல இருந்து துரத்தினவங்களைக் கொண்டு வந்து கொட்டின இடம், பஸ் வச்சு நகரத்துக்கு ஆள் அனுப்பின இடம், கடைசில "தனி நாடு வேண்டாம்"னு எதிர்த்து நின்ன இடம். மூணும் ஒரே ஊரு.

இன்னிக்கு

தலைநகரம் 1986லயே க்வாம்லாங்காவுக்கு மாறிருச்சு, ஆனா சியாபுஸ்வா இப்பவும் ஒரு நகராட்சிக்கு மையம். பழைய ஆசிரியர் பயிற்சிக் கல்லூரி இடத்துல ம்புமலாங்கா பல்கலைக்கழகத்தோட கேம்பஸ் இயங்குது. டீச்சர், போலீஸ், நகராட்சி வேலை, அதை விட்டா முதியோர் உதவித்தொகையும் குழந்தை உதவித்தொகையும்தான் நிறைய வீட்ல நிலையான வருமானம். பணம் வர்ற நாள்ல கடை வாசல் எல்லாம் திருவிழாக் கூட்டமா இருக்கும்.

பெரிய தலைவலி தண்ணி. குழாய் இருக்கும், நாள் கணக்குல காத்துதான் வரும். வசதி உள்ளவங்க வாசல்ல ஜோஜோ டேங்க் (அங்க பிளாஸ்டிக் டேங்க் எல்லாத்துக்குமே அந்தப் பேருதான்) வச்சிருப்பாங்க, மத்தவங்க தள்ளுவண்டில டிரம்மை வச்சுத் தள்ளிக்கிட்டுத் திரிவாங்க. சாப்பாடு மக்காச்சோள மாவுல கிண்டுற பாப், கீரை, கோழிக்கால். ரோட்டோரம் அமாக்வின்யான்னு எண்ணெய்ல பொரிச்ச மாவு உருண்டை. ரேடியோல இக்வெக்வேசி எஃப்எம், அவங்க சொந்த மொழில.

கலர் சுவர் தேடிப் போறவங்களுக்கு ஏமாற்றம்தான், பெரும்பாலான வீடு செங்கல், ஓட்டுக்கூரை, கேட் எல்லாம் வச்ச சாதாரண வீடு. வரைஞ்ச சுவர் அங்கங்க ஒன்னு ரெண்டு கண்ணுல படும். கழுத்து வளையமும் கல்யாணம், விசேஷத்துக்குத்தான். ஆனா இங்கோமான்னு பசங்களை ஆம்பளையாக்குற சடங்கு மட்டும் கொஞ்சமும் குறையல. ஏறக்குறைய நாலு வருஷத்துக்கு ஒரு தடவை, குளிர்காலத்துல, பசங்க வாரக்கணக்குல ஒதுக்குப்புறமாத் தங்கிட்டு வருவாங்க. அந்தத் தடவை போன எல்லாருக்கும் சேர்த்து அரசர் ஒரு அணிப் பேரு கொடுப்பாரு, காலேஜ் படிச்சாலும் ஐடில வேலை பாத்தாலும் சாகுற வரைக்கும் அந்தப் பேரு ஒட்டிக்கும். பையன் திரும்பி வர்ற அன்னிக்கு அம்மா தலையில இருந்து ரெண்டு நீளமான பாசி மணிப் பட்டை தரை வரைக்கும் தொங்கும், பையனை இழந்த கண்ணீரும் ஆம்பளையா கிடைச்ச கண்ணீரும்னு அதுக்கு அர்த்தம் சொல்லுவாங்க.

பஸ்ஸும் நிக்கல. கூடவே மினிபஸ் டாக்சியும் சேர்ந்துருச்சு. எல்லாம் மொலோட்டோ ரோட்லதான், விபத்துக்குப் பேர் போன ரோடு, 2013 நவம்பர்ல ஒரே மோதல்ல 29 பேர் செத்தாங்க. ரோட்டை அகலப்படுத்துற வேலை பகுதி பகுதியா நடக்குது, ரயில் விடுறோம்ங்கற பேச்சு வருஷக்கணக்கா தேர்தலுக்குத் தேர்தல் வருது, ரயில் வரல.

சட்டம் போய் இத்தனை வருஷம் ஆச்சே, இன்னும் ஏன் பிரிட்டோரியாவுக்கே குடி மாறலன்னு கேக்கலாம். நகரத்துல வாடகை எட்டாது. இங்க மனை கிட்டத்தட்ட சும்மா கிடைச்சது, முழுப் பட்டா இல்லாம அனுபவ உரிமைச் சீட்டு மட்டும் வச்சிருக்குறவங்க நிறைய. அதை வச்சு பேங்க்ல கடன் வாங்க முடியாது. அதனால போனஸ் வந்தா நாலு சுவர், அடுத்த வருஷம் கூரை, அதுக்கு அடுத்து டைல்ஸ்னு வீடு கொஞ்சம் கொஞ்சமா எழும்பிருக்கு. மூணு தலைமுறைக் கல்லறையும் இங்கதான், சாவுச் செலவுக்கு மாசாமாசம் காசு போடுற சங்கமும் இந்தத் தெருவுலதான். வித்துட்டுப் போனா அந்தக் காசுக்கு பிரிட்டோரியால சில வருஷ ரூம் வாடகைதான் தேறும், அதனால வீட்டை விக்குறதை விட பஸ் பாஸ் வாங்குறது அவங்களுக்கு லாபம்.